நார்த்துரை மகளின் மூன்றாம் ஓலை

மாரண்டஹள்ளி
10 மார்ச் 1968

அன்புள்ள தம்பி அருளுக்கு,

அப்பா சொல்லச் சொல்ல இங்கிலீஷில் எழுதி மாதாமாதம் உனக்கு அனுப்புகிறேனே, அந்தக் கடிதம் வேறு, இது வேறு. இது உன் அக்கா தெரசா சொந்த வாயால் பேசுவது. தமிழில் எழுதினால் அப்பாவுக்குப் படிக்கத் தெரியாது என்கிற தைரியம். தெரிந்தாலும் இனி முடியாது. இரண்டு கண்ணையும் புரை மூடிவிட்டது. ஆபரேஷன் என்று வாயெடுத்தால் சேலத்து டாக்டரையும் என்னையும் சேர்த்துத் திட்டுகிறார்.

கேட்டில் அந்தப் பலகை அப்படியேதான் தொங்குகிறது. சர் எட்மண்ட் பிராக்வெல், பாரோனெட். யாரோ ஒரு பெரியப்பா மகன் பிள்ளையில்லாமல் செத்ததில், பட்டம் மட்டும் கடல் தாண்டி வந்து இவர் தலையில் விழுந்ததே, அப்போது மாட்டியது. ஊருக்கு அதெல்லாம் கணக்கில்லை. கத்தாழை நார் ஆலை மூடி இத்தனை வருஷமாகியும் அவர் நார்த்துரைதான், நான் நார்த்துரை மகள்தான். அம்மா கல்லறையில் இன்னாசியம்மாள் என்ற பேருக்கு மேலே 'லேடி பிராக்வெல்' என்று வெட்ட வைத்தார். உயிரோடு இருந்தவரை அம்மா அந்தப் பேருக்குத் திரும்பிப் பார்த்ததே இல்லை.

எனக்கு முப்பத்திரண்டு வயது ஆகிறது. நீ கப்பலேறியபோது உனக்கு ரிப்பன் கட்டிய மாலை வாங்கி வந்த அக்காவையே நினைத்துக்கொண்டிருக்காதே. தலையில் நரை தெரிகிறது. அம்மா வழிச் சொந்தத்தில், "தொரை மவளுக்கு நம்ம களியும் கீரையும் எறங்குமா?" என்று சொல்லிப் பெண் கேட்டு ஒருவரும் வரவில்லை. அப்பா வழியில் உன்னைச் சேர்த்துக்கொண்டதோடு சரி, என்னைச் சொந்தம் என்று யாரும் ஒத்துக்கொள்ளவில்லை. டீச்சர் வேலை வீடு தேடி வந்தது. பாரோனெட்டின் மகள் சம்பளத்துக்குப் போகக்கூடாது என்று திருப்பியனுப்பினார். சந்தைக்குப் பாஞ்சாலி போகிறாள். வண்டியோட்டி மாதுவின் பெண்டாட்டிக்கு இருக்கிற சுதந்திரம் எனக்கு இல்லை. ஞாயிறு பூசை ஒன்றுதான் கேட்டைத் தாண்ட வழி. அப்பாவின் கோவில் வேறு, நம் கோவில் வேறு, அதனால் கூட வரமாட்டார். அந்த மட்டுக்கும் புண்ணியம்.

அந்த ஞாயிற்றுக்கிழமை பஸ்ஸில்தான் மரியசூசையைத் தெரியும். தர்மபுரி – ஓசூர் வண்டியில் கண்டக்டர். இண்டூர்ப் பக்கம் சின்னதாக நிலமுள்ள குடும்பம், நம் கோவில்காரர்கள். முன் சீட்டில் தன் தோல் பையை வைத்து எனக்கு இடம் பிடித்திருப்பார். "டீச்சரம்மா, உக்காருங்க" என்பார். டீச்சர் ஆகவே முடியவில்லை என்று சொன்ன பிறகும் அப்படியேதான் கூப்பிடுகிறார். எனக்கு அது பிடித்திருக்கிறது, போதுமா?

ஈஸ்டர் கழிந்ததும் கோவிலில் எங்கள் ஓலை வாசிப்பார்கள். இன்னார் மகளுக்கும் இன்னார் மகனுக்கும் கல்யாணம், தடை தெரிந்தவர்கள் சொல்லவேண்டும் என்று மூன்று ஞாயிறு சாமியார் வாசிப்பது உனக்கு ஞாபகம் இருக்கும். மூன்றாம் ஓலை முடியட்டும், அப்பாவிடம் நானே சொல்லிக்கொள்கிறேன். அப்புறம் அவராலும் எதுவும் செய்ய முடியாது. இப்போதைக்கு உனக்கு மட்டும்தான் சொல்கிறேன். சந்தோஷப்படுடா.

உன் அக்கா
தெரசா


லீட்ஸ், இங்கிலாந்து
29 மார்ச் 1968

அன்புள்ள அக்கா,

படித்துவிட்டு அறைக்குள் ஒரு சுற்று ஆடினேன். கீழே குடியிருக்கிற கிழவி விளக்குமாற்றால் கூரையைத் தட்டினாள்.

பெரிய அத்தை நலம். பிராக்வெல் மாளிகையில் பனி இப்போதுதான் விடுகிறது. எஸ்டேட் வேலையாக நான் பாதி நாள் இந்த ஊரில்தான் கிடக்கிறேன், அதனால் எப்போதும்போல இந்த விலாசத்துக்கே எழுது.

மாமா கண்டக்டர் என்றால் என்ன? ஒன்று மட்டும் கவனி. காலில் நரம்பு புடைத்திருக்கிறதா பார். நாள் முழுக்க ஆடுகிற வண்டியில் நிற்கிற வேலை அது. சாயங்காலம் வெந்நீரில் உப்புப் போட்டுக் காலை வைக்கச் சொல். தோள்பட்டையில் பை மாட்டுகிற பக்கத்தை மாற்றி மாற்றி மாட்டச் சொல்.

இன்னொன்று, கோபித்துக்கொள்ளாதே. இதே தபாலில் அப்பாவுக்கும் எழுதிவிட்டேன். 'தெரசாவின் ஓலையை வாசிக்கிறார்கள், நீங்கள் முழுமனதோடு ஆசீர்வாதம் பண்ண வேண்டும், உங்கள் வாரிசு கேட்கிற முதல் வரம்' என்று அவருக்குப் பிடித்த மாதிரி பெரிய வார்த்தைகளாகப் போட்டிருக்கிறேன். அவருக்குத் தெரியாமல் முடித்துவிட்டு நீ ஆயுசு முழுக்கக் குற்றவாளிபோல நிற்கக்கூடாது, அக்கா. நான் கேட்டு அவர் எதையும் இல்லையென்றதில்லை. எப்படியும் அவர் கடிதங்களை நீதானே வாசித்துக் காட்டுகிறாய்? நல்ல நேரம் பார்த்து வாசி.

உன் தம்பி
அருள்நாதன்


மாரண்டஹள்ளி
9 மே 1968

அருள்,

அன்புள்ள என்று எழுதக் கை வரவில்லை.

நல்ல நேரம் பார்த்து வாசியா? அப்பாவுக்கு நீ எழுதியது எங்கேயோ கிடந்து சுற்றி, சனிக்கிழமை வந்தது; எனக்கு எழுதியது திங்கட்கிழமைதான் என் கைக்கு வந்தது. நான் வீட்டில் இல்லை. கல்யாணத்துக்கு முன் சாமியாரிடம் மந்திரங்களை ஒப்பிக்க வேண்டும் அல்லவா, அம்மா கல்லறைக்கு என்று அப்பாவிடம் சொல்லிவிட்டு அதற்குப் போயிருந்தேன். முதல் ஓலையும் இரண்டாவதும் ஒரு சத்தமும் இல்லாமல் முடிந்திருந்தன. அப்பா உறையைத் தடவிப் பார்த்திருக்கிறார். உன் கடிதத்தின் தாள் அவர் விரலுக்குத் தெரியும். காத்திருக்கப் பொறுமையில்லாமல் போஸ்ட்மாஸ்டர் கோவிந்தனை வரவழைத்து வாசிக்கச் சொல்லியிருக்கிறார். அவரும் பாவம், நல்ல சேதி என்று நினைத்து உரக்க வாசித்திருக்கிறார்.

நான் திரும்பியபோது அப்பா ரசம் சாதம் சாப்பிட்டுக்கொண்டிருந்தார். "சாமியார் சௌக்கியமா?" என்று மட்டும் கேட்டார். அம்மா போன இந்த ஆறு வருஷத்தில் சாமியாரை அவர் விசாரித்தது அன்றைக்குத்தான். எனக்கு அப்போதே உறைத்திருக்க வேண்டும்.

ஞாயிறு சாமியார் மூன்றாம் ஓலையை எடுத்து என் பேரை வாசிக்கிறார், வெளியே நம் மாட்டுவண்டி வந்து நிற்கிற சத்தம். மாதுவின் தோளைப் பிடித்துக்கொண்டு அப்பா உள்ளே வந்தார். அந்தக் கறுப்புக் கோட்டு, அந்த வெயிலில். அம்மாவைக் கட்டிய நாளுக்குப் பிறகு அவர் அந்தக் கோவிலுக்குள் கால் வைத்தது அன்றைக்குத்தான்.

"எனக்குத் தெரிஞ்சு ஒரு தடை இருக்குது, சாமி" என்றார்.

"என்னங்க தொரை?"

"இவ ஆத்தா சாகறப்ப மாதா படத்துக்கு முன்னால மெழுகுவத்தி ஏத்தி, அவ கையில அடிச்சு வாக்குக் குடுத்தா. அப்பன வுட்டு இந்த வூட்டுப் படி எறங்க மாட்டேன்னா. நான் பக்கத்துல நின்னு பாத்தேன். இல்லைன்னு சொல்லச் சொல்லுங்க."

எப்படிச் சொல்வேன்? கொடுத்தேன்தான். நீ அப்போது இங்கே இல்லை. அம்மாவுக்கு மூச்சு இழுத்துக்கொண்டிருந்தது. "அந்த மனுசனுக்கு உப்பு எங்க இருக்குதுன்னுகூடத் தெரியாதுடி, வுட்டுட்டுப் போயிடாத" என்று என் கையைப் பிடித்தாள். அந்த நேரத்தில் எந்தப் பெண் முடியாது என்பாள்?

பாரோனெட், பட்டம், குலம் என்று அவர் பேசியிருந்தால் ஜனங்கள் வாயை மூடிக்கொண்டு சிரித்திருப்பார்கள். அவருக்கு மாதா மேல் துளி நம்பிக்கை கிடையாது. நமக்கு இருக்கிறது என்பது தெரியும். அதில் பிடித்தார். சாமியார் ஓலையை மடித்து வைத்துவிட்டார். சேலத்தில் ஆயருக்கு எழுதிக் கேட்கவேண்டும் என்றார். வாசலில் மரியசூசையின் அம்மா ராயம்மாள் எல்லார் காதிலும் விழும்படி, "மாதாகிட்ட குடுத்த வாக்கையே மீறுறவ எம் மவன்கிட்ட என்னத்த நிலைப்பா?" என்றாள். மரியசூசை மட்டும் என் பக்கத்தில் வந்து, "நான் இருக்கறேங்க, நீங்க பயப்படாதீங்க" என்றார்.

வீட்டுக்கு வந்ததும் அப்பா என்னிடம், "உப்பு கம்மியா இருக்குது" என்றார். அவ்வளவுதான் பேச்சு. உன்னால்தான் இது, அருள்.

தெரசா


லீட்ஸ்
2 ஜூன் 1968

அக்கா,

என்னை என்ன வேண்டுமானாலும் திட்டு. இதைப் படித்த பிறகு இன்னும் திட்டுவாய்.

மகன் சொன்னால் கேட்பார் என்று நான் நினைத்ததற்குக் காரணம், அந்த மகனை நானே உட்கார்ந்து உண்டாக்கியதுதான். பிராக்வெல் மாளிகை என்று ஒன்று நமக்கு இல்லை, அக்கா. நான் வந்து இறங்கியபோதே அது பள்ளிக்கூடமாகியிருந்தது. கேட்டில் காவல்காரன் என்னை ஏற இறங்கப் பார்த்து, சமையல் வேலைக்கு ஆள் எடுத்தாகிவிட்டது என்றான். பெரிய அத்தை ஒரு தடவை தேநீர் கொடுத்தாள். அம்மாவின் போட்டோவைக் காட்டினேன், கையில் வாங்காமலே பார்த்தாள். அதற்கு மேல் அந்த வீட்டுக் கதவு திறக்கவில்லை. அவள் செத்தே வருஷங்கள் ஆகின்றன. அப்பாவுக்கு எழுதுகிற கடிதத்தில் மட்டும் நலமாக இருக்கிறாள்.

நான் இங்கே பஸ் கண்டக்டர். மாமா செய்கிற அதே வேலை. தோளில் பை, கையில் டிக்கெட் மெஷின். அவருக்கு விசில், எனக்கு மணிக்கயிறு, அதுதான் வித்தியாசம். பாரோனெட்டின் வாரிசு என்று ஒரு நாள் வாய்தவறிச் சொல்லிவிட்டேன். அன்றிலிருந்து டிரைவர்கள் எனக்குக் குனிந்து வணக்கம் போட்டுவிட்டுத்தான் வண்டியை எடுக்கிறார்கள்.

முதல் கடிதத்தில் ஒரே ஒரு பொய் எழுதினேன். அவர் பதிலில் தோட்டம் எப்படி இருக்கிறது, நாய்கள் எத்தனை என்று கேட்டார். கேட்டதற்கெல்லாம் பதில் சொல்லிச் சொல்லி எட்டு வருஷம் ஓடிவிட்டது. இப்போது அந்த மாளிகையில் எந்த ஜன்னல் எந்தப் பக்கம் திறக்கும் என்று எனக்கு மனப்பாடம்.

ஊருக்கு வா என்று மட்டும் கேட்காதே. அது முடியாது. இந்த ஊரில் ஒரு அறை, அதற்கு ஒரு சாவி, அந்தச் சாவி என் பையில். நான் இங்கே யார் மகனும் இல்லை. அது எவ்வளவு பெரிய சுகம் என்று உனக்குச் சொன்னால் புரியும்.

அருள்


மாரண்டஹள்ளி
20 ஜூலை 1968

அருள்,

புரிகிறது. நன்றாகவே புரிகிறது. நான் அந்தச் சாவி எப்படி இருக்கும் என்று பார்த்ததில்லை, அவ்வளவுதான்.

அட பாவி! நீ அங்கே டிக்கெட் கிழிப்பாய், இங்கே ஒருத்தர் டிக்கெட் கிழிக்கிறார் என்பதற்காக அவர் இந்தக் கேட்டுக்குள் வரக்கூடாது. ராஜ வம்சத்து ரத்தம் கூலிக்காரன் வீட்டுக்குப் போவதா என்று அப்பா கத்தியபோதெல்லாம் உன்னைத்தான் உதாரணம் காட்டினார். தம்பியைப் பார், அவன் எப்படி இருக்கிறான் என்று. நானும் தலைகுனிந்து கேட்டுக்கொண்டேன்.

உன் கடிதத்தை எடுத்துக்கொண்டு அவர் அறைக்குப் போனேன். இன்றைக்கு ஒரே போடாகப் போட்டுவிடுவது என்றுதான் போனேன். காலடிச் சத்தம் கேட்டதும், "அருள் கடிதமா? வாசி" என்று எழுந்து உட்கார்ந்தார். சட்டைப் பொத்தானைப் போட்டுக்கொண்டார், உன் கடிதத்துக்கு மரியாதையாம். என்னால் முடியவில்லை. தமிழில் இருந்த கடிதத்தைக் கையில் வைத்துக்கொண்டு நானே இங்கிலீஷில் இட்டுக்கட்டி வாசித்தேன். ரோஜா பூத்திருக்கிறது, கறுப்பு நாய் குட்டி போட்டிருக்கிறது என்றேன். "எத்தனை குட்டி?" என்றார். உன் பொய்க்குள் என்னையும் இழுத்துவிட்டாய், போ.

விஷயத்துக்கு வருகிறேன். ஆயரிடமிருந்து பதில் வந்துவிட்டது. சாமியார் கூப்பிட்டுச் சொன்னார். "வாக்கு அப்பனுக்காகக் குடுத்தது. ஒண்ணு அவரு வாயால உன்னப் போகச் சொல்லணும். இல்லைன்னா கூடப் பொறந்தவன் வந்து அந்தப் பாரத்த ஏத்துக்கணும். வேற வழி இல்லம்மா."

அப்பாவிடம் கேட்டேன். காலைப் பிடித்துக் கேட்டேன், அருள். "போனா யாரு எனக்கு வாசிப்பா?" என்றார். சோறு யார் போடுவார்கள் என்றுகூடக் கேட்கவில்லை. உன் கடிதத்தை வாசிக்கத்தான் நான்.

மரியசூசையின் அம்மா அதியமான்கோட்டையில் பெண் பார்த்துவிட்டு வந்திருக்கிறாள். அவர் இன்னும் சரி என்று சொல்லவில்லை. பஸ்ஸில் முன் சீட்டில் பை இருக்கிறது. ஆனால் அவர் முகம் வாடிக்கிடக்கிறது. தை மாதத்துக்கு மேல் அவரைக் காத்திருக்கச் சொல்ல எனக்கு என்ன உரிமை? அந்தப் பெண்ணுக்கு அவர் சரி சொல்லிவிட்டால் நான் இந்த வீட்டிலேயே கிடந்து, கடைசியில் கல்லறையில் அம்மாவுக்குப் பக்கத்தில் போய்ப் படுக்க வேண்டியதுதான்.

வா என்று கெஞ்சமாட்டேன். வரமாட்டாய் என்றால் ஒரு வரியில் எழுதிவிடு. நான் அவரிடம் சொல்லிவிடுகிறேன்.

தெரசா


லீட்ஸ்
30 ஆகஸ்ட் 1968

அக்கா,

அந்த ஒரு வரியை எழுதிப் பார்த்தேன். கிழித்தேன். மறுபடி எழுதினேன். நீ அம்மாவுக்குப் பக்கத்தில் என்று எழுதியிருந்தாயே, அதுதான் கையைப் பிடித்து நிறுத்திவிட்டது.

கப்பலில் இடம் போட்டாகிவிட்டது. சூயஸ் மூடிக்கிடப்பதால் ஆப்பிரிக்காவைச் சுற்றிக்கொண்டு வருகிறது. சுற்றட்டும், எனக்கு ஒன்றும் அவசரமில்லை. சாவியை வீட்டுக்காரியிடம் கொடுக்கும்போது, எப்போது திரும்பி வருவாய் என்றாள். சீக்கிரம் என்றேன். விலாசத்தை மாற்ற வேண்டாம், கடிதம் வந்தால் வைத்திருங்கள் என்றும் சொன்னேன்.

அப்பாவிடம் முன்கூட்டி எதுவும் சொல்லாதே. நேரில் வந்து நானே சொல்கிறேன். எழுதிக் கெடுத்தது போதும்.

மாமாவிடம் அந்த முன் சீட்டை விட்டுவிட வேண்டாம் என்று சொல்.

அருள்


மாரண்டஹள்ளி
16 பிப்ரவரி 1969

அன்புள்ள அக்காவுக்கும் மாமாவுக்கும்,

ஓசூரில் வீடு பிடித்துக் குடியேறியதாக மாமா பஸ்ஸிலிருந்து இறங்கி வந்து கேட்டுக்கு வெளியே நின்று சொன்னார். டீச்சர் வேலைக்கு நீ மனுப்போட்டிருப்பதையும் சொன்னார். பால் காய்ச்சியபோது பொங்கி அடுப்பே அணைந்ததாமே. சிரித்தேன். அன்றைக்கு மாதா முன்னால் உன் வாக்கை நான் ஏற்றுக்கொண்டு உன் கையிலிருந்து மெழுகுவர்த்தியை வாங்கியபோது நீ சாய்த்துவிட்டதில் மெழுகு என் மணிக்கட்டில் கொட்டியது. இப்போது தோல் உரிந்துவிட்டது, கவலைப்படாதே.

இங்கே எப்படி என்று கேட்டிருக்கிறாய். மறைத்து என்ன ஆகப்போகிறது?

வந்த அன்று நடந்தது உனக்குத் தெரியும். அவர் காலடியில் உட்கார்ந்து, மாளிகை இல்லை, அத்தை இல்லை, நான் பஸ்ஸில் கண்டக்டர் என்று எல்லாவற்றையும் சொன்னேன். கேட்டுக்கொண்டே இருந்தார். உனக்கு அன்று கல்யாணப் பரபரப்பு. கோபம் ஆறட்டும், அப்புறம் பேசுவார் என்று நீ சொன்னாய். பேசுகிறார், அக்கா. நிறையப் பேசுகிறார். என்னை யார் என்று மட்டும் ஒத்துக்கொள்ள மாட்டேன் என்கிறார்.

"என் மகன் இங்கிலாந்துல இருக்கறான். நீ தெரசா வெச்சுட்டுப் போன ஆளு" என்கிறார். புத்தி தடுமாறுகிறதா, வீம்பா, எனக்குத் தெரியவில்லை. ஒரு நாள் தடுமாற்றம் என்று தோன்றும். மறுநாள் நான் கஞ்சிக் கிண்ணத்தை நீட்டும்போது என் விரல்களை ஒவ்வொன்றாகத் தொட்டுப் பார்த்துவிட்டு, முகத்தைத் திருப்பிக்கொள்வார். பாஞ்சாலி, "தம்பிய அடையாளம் தெரியலீங்களா தொரை?" என்று கேட்டதற்கு அவளைச் சமையலறைக்குப் போகச் சொன்னார்.

எனக்கு இப்போது உப்பு எங்கே இருக்கிறது என்று தெரியும். கேட்டைத் தாண்ட ஞாயிறு பூசை உண்டு. அதற்கு மேல் இல்லை. பகலில் நான் எங்காவது போய்விட்டால் கூப்பிட்டுக்கொண்டே இருக்கிறார், உன் பேரைச் சொல்லி. நானும் "இதோ வந்துட்டேன்" என்கிறேன். நீ பார்க்க வருவதாக எழுதியிருந்தாய். வராதே. உன் குரல் கேட்டால் அவர் விடமாட்டார். உனக்கும் கிளம்ப மனசு வராது. உன்னை எனக்குத் தெரியும்.

போன வாரம் பிடிவாதம் பிடித்தார். மகனிடமிருந்து கடிதம் வரவில்லை, போஸ்டாபீசில் போய் விசாரி என்று. சாப்பிட மறுத்துவிட்டார். கடைசியில் என்ன செய்வது? பின்கட்டில் உட்கார்ந்து, பிராக்வெல் மாளிகை, லீட்ஸ் வழி என்று தலைப்புப் போட்டு நானே எழுதினேன். கறுப்பு நாய்க்குட்டிகள் வளர்ந்துவிட்டன என்று எழுதினேன். அப்பா, உங்களைப் பார்க்க ஊருக்கு வரலாமா என்று கடைசியில் ஒரு வரி. அதை ஏன் எழுதினேன் என்று தெரியவில்லை. உறையில் போட்டு ஒட்டிக் கொண்டுபோய்க் கையில் கொடுத்தேன். தடவிப் பார்த்தார், தாளை முகர்ந்துகூடப் பார்த்தார். சட்டைப் பொத்தானைப் போட்டுக்கொண்டு, வாசி என்றார்.

வாசித்து முடித்ததும் தாளைத் திரும்ப வாங்கி மடித்து மடியில் வைத்துக்கொண்டார். அப்புறம் பதில் எழுது என்றார். அவர் சொல்லச் சொல்ல எழுதினேன். மாமாவுக்கும் புரியட்டும் என்று தமிழில் சொல்கிறேன்.

'அன்பு மகனே, இங்கே வராதே. இந்த ஊருக்கு நான் மூன்று வருஷ வேலைக்கு என்றுதான் வந்தேன். வந்தவன் திரும்பவில்லை. உன் அம்மாவைக் கட்டினேன், அதற்கு வருந்தவில்லை. ஆனால் இங்கே வருகிறவனை இந்த வீடு விடாது. தெரசாவை நானே பிடித்து வைத்திருந்தேன். அவளுக்குச் செய்தது அநியாயம் என்று எனக்குத் தெரியும். அவள் போய்விட்டாள். நல்லது. நீ ஒருத்தனாவது ஆரம்பத்திலேயே தப்பித்துவிட்டாய். அங்கேயே இரு. எனக்கு இங்கே ஒரு ஆள் இருக்கிறான், நன்றாகப் பார்த்துக்கொள்கிறான்.'

பேனாவை அவர் கையில் வைத்து, கையெழுத்துப் போடுகிற இடத்தைக் காட்டினேன். போட்டார். இன்றைக்கே தபாலில் சேர்த்துவிடு என்றார். உறையில் என் லீட்ஸ் விலாசத்தை எழுதி, ஸ்டாம்பும் ஒட்டிவிட்டேன்.

அதைக் கையில் வைத்துக்கொண்டு கேட்டுக்கு இந்தப் பக்கமே நிற்கிறேன். இதை எங்கே போட, அக்கா?

உன் தம்பி
அருள்நாதன்